வயலும் வழிபாட்டு மாடமும்: நவீன வியட்நாமின் அரசியல், சமூகம், போரின் எச்சங்கள் – ஒரு மறுவாசிப்பு

ஆய்வுச் சுருக்கம்

1975இல் போர் முடிவுற்ற பின் வியட்நாமியச் சமூகத்தில் இருபெரும் மாற்றங்கள் நிகழ்ந்தன. கூட்டுறவு வேளாண்மையின் பிடியிலிருந்து வயல் மீண்டும் குடும்பத்தின் பொறுப்புக்கு வந்தது ஒன்று. அரசு வகுத்த தியாகிகள் பட்டியலுக்கு அப்பாற்பட்டவர்களையும் குடும்பங்கள் தம் மூதாதையர் வழிபாட்டு மாடத்தில் ஏற்றது மற்றொன்று. இவ்விரண்டிலும் மக்களின் அன்றாட நடைமுறையே அரசின் கொள்கைக்கு முன்னே சென்றது. எனினும் முதலாவதைச் சட்டமாக்கிய அரசு, இரண்டாவதைப் பொறுத்துக்கொண்டதேயன்றிச் சட்டமாக்கவில்லை. போரின் எச்சங்கள் இன்றும் வியட்நாமிய அரசியலில் தீராத சிக்கலாக நீடிப்பதற்கு இவ்வேறுபாடே அடிப்படை என்பதை இக்கட்டுரை விளக்குகிறது.

திறவுச் சொற்கள்: வியட்நாம், தோய் மோய், கூட்டுறவு வேளாண்மை, தியாகிகள், மூதாதையர் வழிபாடு, டையாக்சின், நல்லிணக்கம்

முன்னுரை

நவீன வியட்நாம் குறித்த எழுத்துகள் பெரும்பாலும் இரண்டு வடிவங்களில் அமைகின்றன. வல்லரசுகளை வென்ற சிறிய நாட்டின் வீரகாதை ஒன்று. வறுமையிலிருந்து மீண்டு ஏற்றுமதிப் பொருளாதாரமாக வளர்ந்த நாட்டின் வெற்றிக்கதை மற்றொன்று. முன்னது 1975 ஏப்ரல் 30ஆம் நாள் சைகோன் வீழ்ந்ததோடு முடிகிறது. பின்னது 1986 டிசம்பரில் கட்சியின் ஆறாம் பேராயம் சீர்திருத்தத்தை அறிவித்ததோடு தொடங்குகிறது. போர் வியட்நாமியர்க்கு எதிராக வியட்நாமியரையும் நிறுத்தியது என்னும் உண்மைக்கு இவ்விரு கதைகளிலும் உரிய இடம் இல்லை.

தியன் பியன் பூ வெற்றிக்குப் பின் 1954 ஜூலையில் ஏற்பட்ட ஜெனீவா உடன்பாடு, நாட்டை 17ஆம் அகலக்கோட்டையொட்டித் தற்காலிகமாகப் பிரித்தது. உடன்பாட்டின் செயலாக்கத்தைக் கண்காணிக்க அமைந்த பன்னாட்டு ஆணையத்திற்கு இந்தியா தலைமை தாங்கியது. 1956இல் நடைபெற வேண்டிய பொதுத்தேர்தல் நடைபெறவில்லை. அதன்பின் இரு அரசுகளும் இரு படைகளும் உருவாயின. ஒரே ஊரில், ஒரே வீட்டில் பிறந்தவர்களே எதிரெதிர் அணிகளில் சேர்ந்தனர். வியட்நாம் அரசு 1995இல் வெளியிட்ட மதிப்பீட்டின்படி புரட்சித் தரப்பில் 11 இலட்சம் போராளிகளும், இரு பகுதிகளிலுமாக ஏறத்தாழ 20 இலட்சம் பொதுமக்களும் மாண்டனர். தென்வியட்நாமியக் குடியரசுப் படையினரின் இறப்பு 2 இலட்சத்திற்கும் மேல் எனப் பரவலாகக் கணிக்கப்படுகிறது. இவர்களுள் எவருடைய இறப்பு நாட்டின் இழப்பாகக் கருதப்படுகிறது என்னும் வினாவே இக்கட்டுரையின் மையமாகும்.

1. வயலின் வழி வந்த சீர்திருத்தம்

‘புதுப்பித்தல்’ எனப் பொருள்படும் தோய் மோய் கொள்கை கட்சித் தலைமையின் தொலைநோக்கால் விளைந்தது என்பது அதிகாரப்பூர்வ விளக்கம். இவ்விளக்கத்தை மறுபரிசீலனை செய்யத் தூண்டியவர்களுள் அரசியல் அறிஞர் பெனடிக்ட் கெர்க்வ்லியட் குறிப்பிடத்தக்கவர். 2005இல் வெளிவந்த அவருடைய ஆய்வு, வடவியட்நாமில் கூட்டுறவு வேளாண்மை உழவர்களின் அன்றாடச் செயல்களால் உள்ளிருந்தே நலிந்ததை எடுத்துரைக்கிறது. கூட்டு வயலில் அரைமனத்தோடு உழைப்பது, வீட்டையொட்டிய சிறு நிலத்தில் முழுமூச்சாகப் பயிரிடுவது, விளைச்சலில் ஒரு பகுதியைக் கணக்கில் காட்டாமல் விடுவது போன்றவை எவ்வித முழக்கமும் இன்றி நிகழ்ந்தன. இவற்றின் திரண்ட விளைவாகக் கொள்கையே மாற நேர்ந்தது.

வின் ஃபுக் மாநிலத்தின் கட்சிச் செயலாளராக இருந்த கிம் நோக்கின் வரலாறு இதற்குச் சிறந்த சான்றாகும். 1966 முதல் அவர் தம் மாநிலத்தில் கூட்டுறவு நிலத்தைக் குடும்பங்களுக்குக் குத்தகை முறையில் பிரித்தளிக்க இடந்தந்தார். 1968இல் கட்சியின் மூத்த தலைவர் துருவாங் சின் அம்முறையைக் கடுமையாகக் கண்டித்ததால் அது நிறுத்தப்பட்டது. ஆயினும் ‘மறைமுகக் குத்தகை’ பல இடங்களில் தொடர்ந்தது. 1981இல் வெளிவந்த 100ஆம் எண் ஆணை, குடும்பங்களோடும் குழுக்களோடும் விளைச்சல் ஒப்பந்தம் செய்துகொள்ள வழிவகுத்தது. 1988இல் அரசியல் தலைமைக்குழு நிறைவேற்றிய 10ஆம் எண் தீர்மானம் குடும்பத்தையே வேளாண்மையின் அடிப்படை அலகாக ஏற்றது. 1993ஆம் ஆண்டு நிலச்சட்டம் நீண்டகாலப் பயன்பாட்டு உரிமையை உறுதிசெய்தது.

1986இல் ஆண்டுப் பணவீக்கம் 700 விழுக்காட்டைத் தாண்டியிருந்தது. உணவுப் பற்றாக்குறை நீடித்தது. 1989இலோ வியட்நாம் பெருமளவில் அரிசி ஏற்றுமதி செய்யத் தொடங்கியது. 1968இல் குடும்பக் குத்தகையைக் கண்டித்த அதே துருவாங் சின்தான், லே துவான் மறைவுக்குப் பின் பொதுச்செயலாளராக இருந்து, ஆறாம் பேராயத்தில் சீர்திருத்தத்தை முன்மொழிந்த அரசியல் அறிக்கையை அளித்தார். கிம் நோக்கிற்கும் மறைவுக்குப் பின் அரசின் உயர் விருதுகள் வழங்கப்பட்டன. தான் ஒருகாலத்தில் தண்டித்த நடைமுறையைப் பின்னர்ச் சட்டமாக ஏற்று, அதனை முன்னெடுத்தவரையும் பெருமைப்படுத்தும் நெகிழ்ச்சி இவ்வரசுக்கு உண்டு என்பது இதனால் பெறப்படுகிறது. அந்நெகிழ்ச்சி போரில் இறந்தோர் விவகாரத்தில் எவ்வளவு தூரம் சென்றது என்பது அடுத்து ஆராயப்படுகிறது.

2. அரசு ஏற்கும் இறப்பு

பிரான்சுக்கு எதிரான போர்க்காலத்தில், 1947 முதல், ஜூலை 27ஆம் நாள் போரில் உறுப்பிழந்தோர், தியாகிகள் ஆகியோருக்கான நாளாகக் கடைப்பிடிக்கப்படுகிறது. புரட்சித் தரப்பில் நின்று இறந்தவர் ‘லியட் சி’, அதாவது தியாகி, என்னும் சட்டத்தகுதி பெறுகிறார். அவருடைய குடும்பத்திற்குத் தாயகத்தின் நன்றியைத் தெரிவிக்கும் சான்றிதழும் உதவித்தொகையும் கிடைக்கின்றன. கல்வியிலும் வேலையிலும் முன்னுரிமை உண்டு. குவாங் திரியில் உள்ள துருவாங் சோன் தேசியக் கல்லறையில் மட்டும் 10,000க்கும் மேற்பட்ட தியாகிகளின் கல்லறைகள் வரிசையாக அமைந்துள்ளன.

1994இல் ‘வியட்நாமிய வீரத்தாய்’ என்னும் பட்டம் உருவாக்கப்பட்டது. ஒன்பது மகன்களையும் ஒரு மருமகனையும் இழந்த குவாங் நாம் பகுதியைச் சேர்ந்த நுயென் தி து என்னும் அன்னையின் உருவை முன்மாதிரியாகக் கொண்டு, தாம் கி நகரில் மாபெரும் நினைவுச்சின்னம் எழுப்பப்பட்டுள்ளது. இழப்பைப் போற்றும் இம்மரபு உண்மையான துயரத்தின்மேல் எழுந்தது என்பதை மறுக்கவியலாது. ஏறத்தாழ 2 இலட்சம் தியாகிகளின் எச்சங்கள் இன்னும் கண்டெடுக்கப்படவில்லை. 3 இலட்சம் பேர் பெயர் அறியப்படாமலேயே கல்லறைகளில் உள்ளனர் என அரசே தெரிவிக்கிறது.

இவ்வேற்பு முறைக்கு மறுபக்கமும் உண்டு. தென்வியட்நாமியப் படையில் பணியாற்றியவர்களும் அதிகாரிகளும் 1975க்குப் பின் ‘மறுகல்வி’ முகாம்களுக்கு அனுப்பப்பட்டனர். சிலர் பத்தாண்டுக்கும் மேலாக அங்கே வைக்கப்பட்டனர். அவர்களுடைய பிள்ளைகளுக்குக் குடும்பப் பின்னணிக் குறிப்பே உயர்கல்விக்கும் அரசு வேலைக்கும் தடையானது. கடல்வழியே தப்பி, 1975க்கும் 1995க்கும் இடையில் பிற நாடுகளை அடைந்த வியட்நாமியர் ஏறத்தாழ 8 இலட்சம் பேர். பியன் ஹோவாவில், சுமார் 16,000 வீரர்கள் புதைக்கப்பட்டிருந்த தென்வியட்நாமியப் படைக் கல்லறை 2006 வரை இராணுவக் கட்டுப்பாட்டில் இருந்தது. கட்சியின் சொல்லகராதியில் இப்படையினர் ‘பொம்மைப் படையினர்’ ஆவர். அரசின் நினைவில் அவர்களுக்கு நேர்ந்தது மரணமேயன்றி இழப்பு அன்று.

3. மாடம் ஏற்ற இறப்பு

வியட்நாமிய இல்லங்களில் மூதாதையர் வழிபாட்டு மாடம் நடுக்கூடத்தில் அமைகிறது. இறந்தவரின் நினைவுநாளில் உறவினர் கூடி உணவு படைப்பது தலைமுறைதோறும் தொடரும் கடமை. வீட்டில், உற்றார் சூழ நேரும் இறப்பு நல்லிறப்பு. தெருவில், வன்முறையில், உடல் கிடைக்காமல் நேரும் இறப்பு தீயிறப்பு. படையல் பெறாத ஆவி அமைதியின்றி அலையும் என்பது நம்பிக்கை. சந்திர நாட்காட்டியின் ஏழாம் மாத முழுநிலவு நாளில் இத்தகைய ஆதரவற்ற ஆவிகளுக்கு வீட்டு வாயிலில் கஞ்சியும் அரிசியும் உப்பும் படைக்கும் வழக்கம் உண்டு. போர் இந்நம்பிக்கை அமைப்பையே நிலைகுலையச் செய்தது. ஏனெனில் பல ஊர்களில் தீயிறப்பே பொது இறப்பாயிற்று.

மானிடவியலாளர் ஹியோனிக் குவான், மத்திய வியட்நாமில் மேற்கொண்ட களஆய்வின் அடிப்படையில் 2006, 2008ஆம் ஆண்டுகளில் வெளியிட்ட இரு நூல்கள் இச்சூழலை விரிவாகப் பதிவு செய்கின்றன. போர் முடிந்த முதற்பத்தாண்டில் புரட்சித் தியாகியின் சான்றிதழ் மட்டுமே கூடத்தில் தொங்கிய வீடுகள் பல. மறுதரப்பில் நின்று இறந்த மகனின் படம் உள்ளறையில் மறைத்து வைக்கப்பட்டது. மூடநம்பிக்கை ஒழிப்பு என்னும் பெயரில் சடங்குகளும் கட்டுப்படுத்தப்பட்டன. தோய் மோய்க்குப் பின் கட்டுப்பாடு தளர்ந்ததும் குடும்பங்கள் மாடங்களைப் புதுப்பித்தன. சிதறிக்கிடந்த எலும்புகளைத் தேடி எடுத்துக் குலக்கல்லறைகளில் சேர்த்தன. ‘நம் பக்கம்’, ‘அந்தப் பக்கம்’ என அதுவரை பிரிக்கப்பட்டிருந்த உடன்பிறந்தார் ஒரே மாடத்தில் அருகருகே அமர்ந்தனர்.

இதனை வெளிப்படையான அரசியல் எதிர்ப்பு எனக் கொள்வது பொருந்தாது. தாய்க்கு இருவரும் மக்கள் என்னும் எளிய உறவு நியாயமே இங்குச் செயல்பட்டது. எனினும் இதன் விளைவு அரசியல் தன்மையுடையது. கூட்டு வயலுக்குள் உழவர்கள் செய்ததையே, அரசின் நினைவு அமைப்புக்குள் குடும்பங்கள் செய்தன. 2007இல் பௌத்தத் துறவி திக் நாட் ஹான் சைகோன், ஹுவே, ஹனோய் ஆகிய நகரங்களில் போரில் இறந்த அனைவருக்காகவும் பெருவழிபாடுகளை நடத்தியபோது, வீட்டுக்குள் நிகழ்ந்தது பொதுவெளிக்கும் வந்தது.

இலக்கியத்திலும் இதே காலத்தில் இத்தகைய நகர்வு காணப்பட்டது. 1987 அக்டோபரில் பொதுச்செயலாளர் நுயென் வான் லின் எழுத்தாளர்களைச் சந்தித்து, உண்மையை எழுதத் தயங்க வேண்டாமென ஊக்கினார். அவ்வாண்டே நுயென் ஹுய் தியெப்பின் ‘ஓய்வுபெற்ற தளபதி’ சிறுகதை வெளிவந்தது. போர்க்கால அறம் அமைதிக்காலச் சந்தைக்குமுன் திகைத்து நிற்பதை அது காட்டியது. வடவியட்நாமியப் படைவீரராக இருந்த பாவோ நின்னின் ‘போரின் துயரம்’ நாவல் 1990இல் வெளிவந்து, 1991இல் எழுத்தாளர் சங்கப் பரிசு பெற்றது. வெற்றியைக் கொண்டாடாமல், இறந்த தோழர்களின் ஆவிகளோடு வாழும் வீரனைச் சித்திரித்த அந்நாவல் விரைவிலேயே கண்டனத்துக்கு உள்ளானது; நீண்ட இடைவெளிக்குப் பின்பே உள்நாட்டில் மறுபதிப்புக் கண்டது. திறந்த கதவு பாதியில் நின்றது என்பதற்கு இதுவும் ஒரு சான்று.

4. அயலுறவு வகுக்கும் நினைவு

அரசின் நினைவு உள்நாட்டுப் பிளவால் மட்டும் வரையறுக்கப்படுவதில்லை. அயலுறவும் அதனைத் திருத்துகிறது. சைகோனில் 1975 செப்டம்பரில் ‘அமெரிக்க, பொம்மை அரசுக் குற்றங்களின் காட்சியகம்’ என்னும் பெயரில் தொடங்கப்பட்ட அமைப்பு, 1990இல் அப்பெயரிலிருந்த நாட்டுப்பெயரை நீக்கியது. 1995இல் ‘போர் எச்சங்கள் அருங்காட்சியகம்’ ஆனது. அமெரிக்கா வணிகத் தடையை நீக்கியது 1994 பிப்ரவரியில். அரசுறவு ஏற்பட்டது 1995 ஜூலையில். குற்றம் எச்சமாகச் சுருங்கிய காலமும் பகை உறவாக மாறிய காலமும் ஒன்றே.

1968 பிப்ரவரியில் ஹா மி என்னும் சிற்றூரில் தென்கொரியப் படையினர் 135 பேரைக் கொன்றனர். பிற்காலத்தில் தென்கொரிய முன்னாள் படைவீரர்களின் நிதியுதவியுடன் அங்கு நினைவிடம் எழுந்தது. படுகொலையை விவரித்து ஊரார் கல்வெட்டில் பொறித்த உரை நிதியளித்தோர்க்கு உவப்பாக இல்லை. இறுதியில் அவ்வுரை தாமரை ஓவியம் தீட்டிய பலகையால் மூடப்பட்டது. தென்கொரியா வியட்நாமின் பெருமுதலீட்டாளர் என்பது இங்கு நினைக்கத்தக்கது. வேறோர் ஊரில் நடந்த படுகொலையில் உயிர்தப்பிய பெண்ணுக்கு இழப்பீடு வழங்க 2023 பிப்ரவரியில் தீர்ப்பளித்தது சியோல் நீதிமன்றமே. வியட்நாமிய நீதிமன்றம் அன்று.

சீனாவுடனான போர் இன்னும் நுட்பமான மௌனத்துக்கு உரியது. 1979 பிப்ரவரி 17ஆம் நாள் சீனப்படை வடவெல்லையைத் தாண்டியது. எல்லை மோதல்கள் 1980களிலும் தொடர்ந்தன. வி சுயென் தேசியக் கல்லறை அவற்றுக்குச் சான்று. 1991இல் உறவு சீரடைந்த பின் இப்போர் பொதுப்பேச்சிலிருந்து விலக்கப்பட்டு, பள்ளிப் பாடநூலில் சில வரிகளுக்குள் அடங்கியது. 1974 ஜனவரியில் பாராசெல் தீவுகளைக் காக்கச் சீனக் கடற்படையுடன் போரிட்டு இறந்த 74 பேர் அரசுக்குக் கூடுதல் சங்கடம் தருகின்றனர். அவர்கள் தாயக மண்ணுக்காக உயிர்நீத்தவர்கள். ஆயின் தென்வியட்நாமியக் கடற்படையினர். அந்நிகழ்வின் 40ஆம் ஆண்டான 2014இல் உள்நாட்டு நாளிதழ்கள் அவர்களைப் போற்றி எழுதின. தியாகி என்னும் சட்டத்தகுதி மட்டும் அவர்களுக்கு வாய்க்கவில்லை.

5. மண்ணிலும் உடலிலும் நீடிக்கும் போர்

1961 முதல் 1971 வரை அமெரிக்கப் படை தென்வியட்நாமின் காடுகள்மீதும் வயல்கள்மீதும் 7 கோடி லிட்டருக்கும் மேற்பட்ட களைக்கொல்லிகளைத் தெளித்தது. அவற்றுள் பெரும்பகுதியான ஏஜென்ட் ஆரஞ்சில் டையாக்சின் என்னும் கொடிய நஞ்சு கலந்திருந்தது. டா நாங், பியன் ஹோவா முதலிய வான்படைத்தளங்களின் மண்ணிலும் குளங்களிலும் அந்நஞ்சு தங்கி, மீன்வழியாகவும் பிற உணவுவழியாகவும் மனித உடலை அடைந்தது. டா நாங் தளத்தின் தூய்மைப்பணி 2012இல் தொடங்கி 2018இல் முடிந்தது. பியன் ஹோவாவில் 2019இல் தொடங்கிய பணி அளவில் அதனினும் பெரியது.

அமெரிக்கா தன் முன்னாள் படைவீரர்களின் நோய்களை 1991ஆம் ஆண்டுச் சட்டத்தின்வழி ஏஜென்ட் ஆரஞ்சோடு தொடர்புடையனவாக ஏற்று உதவி வழங்குகிறது. வியட்நாமியர் தொடுத்த வழக்கையோ அமெரிக்க நீதிமன்றம் 2005இல் தள்ளுபடி செய்தது. வியட்நாமிலும் இதையொத்த பாகுபாடு உண்டு. நச்சு வேதிப்பொருளால் பாதிக்கப்பட்டோர்க்கான சிறப்புதவித்தொகை, எதிர்ப்புப் போரில் பங்கேற்றோர்க்கும் அவர்தம் பிள்ளைகளுக்கும் உரியது. அதே காட்டில் மறுதரப்பில் நின்றவரின் குறைபாடுள்ள பிள்ளை பொதுவான மாற்றுத்திறனாளிகளுக்கான உதவியை மட்டுமே நாட முடியும். நஞ்சு பக்கம் பார்ப்பதில்லை, உதவித்தொகை பார்க்கிறது. இரு நாடுகளும் தத்தம் வீரரை ஏற்று, மற்றவரை விலக்கும் முறையில் ஒத்திருக்கின்றன.

வெடிக்காத குண்டுகளும் இவ்வாறே எவரையும் பிரித்தறிவதில்லை. 1975க்குப் பின் இவற்றால் இறந்தோர் ஏறத்தாழ 40,000 பேர், காயமுற்றோர் 60,000 பேர் என அரசின் கணக்கு கூறுகிறது. உழவரும் பழைய இரும்பு பொறுக்குவோரும் குழந்தைகளுமே இவர்களுள் மிகுதி. வயலைக் குடும்பத்திடம் ஒப்படைத்த சீர்திருத்தம், குவாங் திரி போன்ற பகுதிகளில் அவ்வயலுக்குள் புதைந்த போரையும் சேர்த்தே ஒப்படைத்தது எனலாம்.

6. நல்லிணக்கத்தின் எல்லை

முன்னாள் தலைமை அமைச்சர் வோ வான் கியட், 1966இல் தம் மனைவியையும் பிள்ளைகள் இருவரையும் அமெரிக்கத் தாக்குதலில் இழந்தவர். ஏப்ரல் 30ஆம் நாள் பல இலட்சம் மக்களை மகிழ்விப்பதுபோலவே பல இலட்சம் மக்களை வருத்தவும் செய்கிறது என்று 2005இல் அவர் வெளிப்படையாகக் கூறினார். வெற்றித்தரப்பின் தலைவரொருவர் வென்ற நாளைத் துயர நாளாகவும் ஏற்றது பெரிய திருப்பமாகும். அதற்கு முன்னரே, 2004இல் நிறைவேறிய 36ஆம் எண் தீர்மானம், புலம்பெயர்ந்த வியட்நாமியரை நாட்டின் பிரிக்கவியலாத பகுதி என அறிவித்திருந்தது. 2006இல் பியன் ஹோவா கல்லறை குடிமை நிருவாகத்துக்கு மாற்றப்பட்டதால் உறவினர் சென்று கல்லறைகளைச் செப்பனிட வழி பிறந்தது. 2017இல் வரலாற்று நிறுவனம் வெளியிட்ட 15 தொகுதி வியட்நாம் வரலாறு, ‘பொம்மைப் படை’ என்னும் சொல்லைத் தவிர்த்துச் ‘சைகோன் படை’ என எழுதியது; அதற்கு முன்னாள் வீரர்களிடையே கடும் எதிர்ப்பும் எழுந்தது. போர் முடிந்த 50ஆம் ஆண்டான 2025இல் பொதுச்செயலாளர் தோ லாம் நாட்டு மக்களின் நல்லிணக்கத்தை வலியுறுத்தினார். அவ்வாண்டு ஏப்ரல் 30ஆம் நாள் ஹோ சி மின் நகரில் நடந்த அணிவகுப்பில் சீனப் படையினரும் பங்கேற்றனர். 1979இன் எதிரிக்கு அணிவகுப்பில் இடம் கிடைத்தது; 1975இல் தோற்ற உடன்பிறப்பின் இறப்புக்கு இன்னும் சட்டத்தில் இடமில்லை.

வயலைச் சட்டமாக்கிய அரசு மாடத்தைச் சட்டமாக்கத் தயங்குவது ஏன்? குடும்ப வேளாண்மை விளைச்சலைப் பெருக்கி, ஆட்சிக்குப் புதிய நியாயத்தை ஈட்டித் தந்தது. இறந்தோரைச் சமமாக ஏற்பதோ ஆட்சியின் பழைய நியாயத்தைத் தொடுகிறது. 2013ஆம் ஆண்டு அரசமைப்பின் 4ஆம் உறுப்பு கட்சியை அரசுக்கும் சமூகத்துக்கும் தலைமையாற்றும் ஆற்றலாக வரையறுக்கிறது. அத்தலைமையின் வரலாற்று அடித்தளம், நாடு முழுவதும் ஒருபுறமும் அயலாரும் அவர்தம் பொம்மைகளும் மறுபுறமுமாக நின்ற போர் என்னும் விளக்கம். மறுதரப்பினரும் தமக்கெனக் கொள்கையும் அச்சமும் கட்டாயமும் கொண்ட வியட்நாமியரே என ஏற்றால், விடுதலைப்போர் அதேவேளையில் உள்நாட்டுப்போராகவும் இருந்ததை ஒப்புக்கொள்ள நேரும். ஆகவேதான் அரசு சொல்லை மாற்றுகிறது, வாயிலைத் திறக்கிறது, சடங்கைப் பொறுக்கிறது; சட்டத்தகுதியை மட்டும் அளிப்பதில்லை.

முடிவுரை

தோய் மோய் காலத்து வியட்நாமில் பொருளாதார மாற்றமும் நினைவின் மாற்றமும் ஒரே இயக்கத்தின் இரு முகங்கள். இரண்டிலும் குடும்பமே முதலடி எடுத்து வைத்தது, அரசு பின்தொடர்ந்தது. ஆனால் பொருளாதாரத்தில் நடைமுறை உரிமையாக உயர்ந்தது. நினைவிலோ சலுகையாகவே நின்றுவிட்டது. உரிமையைக் கேட்டுப் பெறலாம். சலுகை எந்நேரமும் திரும்பப் பெறப்படக்கூடியது. ஹா மி கல்வெட்டு மூடப்பட்டதும், பாவோ நின்னின் நாவல் நெடுங்காலம் மறுபதிப்பின்றிக் கிடந்ததும் இதனை உணர்த்துகின்றன.

வியட்நாமியரில் பெரும்பான்மையோர் 1975க்குப் பின் பிறந்தவர்கள். போர் மறந்துபோகும் என்பதற்கு இதனை ஆதாரமாகக் காட்டுவோர் உண்டு. மூதாதையர் வழிபாட்டில் மறதிக்கு அவ்வளவு எளிதில் இடமில்லை; காணாத பாட்டனுக்கும் பேரன் நினைவுநாளில் படையல் இட்டாக வேண்டும். இறந்தவர் எப்பக்கத்தில் நின்றார் என்று மாடம் கேட்பதை நிறுத்தி ஏறத்தாழ ஒரு தலைமுறை கடந்துவிட்டது. கிம் நோக்கின் குத்தகை முறை கண்டிக்கப்பட்ட 1968க்கும் அது சட்டமான 1988க்கும் இடையே இருபது ஆண்டுகளே ஆயின என்பதை எண்ணும்போது, சட்டமும் அக்கேள்வியைக் கைவிடும் நாள் வாராது எனத் துணிந்து கூற இயலாது. அதுவரை வியட்நாமின் போர் முடிவடைந்ததா என்னும் வினாவுக்கு விடையை அருங்காட்சியகங்களில் மட்டுமன்றி, இல்லங்களின் நடுக்கூடங்களிலும் தேடவேண்டியுள்ளது.